மன்னாரின் பெருக்கமரம்

இலங்கையின் மன்னார்த் தீவில், பள்ளிமுனையில் நிற்கும் பெருக்கமரம் ஏழரை மீட்டர் உயரமே உடையதெனினும், அதன் அடிமரம் ஏறத்தாழ 19 மீட்டர் சுற்றளவு கொண்டிருப்பதால், முதன்முறை காண்பவருக்கு மரமாக அன்றி மதிலாகவே தோன்றும். தமிழகத்தில் ஆனைப்புளி, பப்பரப்புளி என வழங்கும் இம்மரத்தின் அறிவியற்பெயர் அடன்சோனியா டிஜிடேட்டா. 18ஆம் நூற்றாண்டின் நடுவில் செனகல் நாட்டில் இதை ஆராய்ந்த பிரெஞ்சு இயற்கையியலாளர் மிஷேல் அடன்சனின் நினைவைத் தாங்கியது அப்பெயர்.

தேக்கின் வைரம் இதனிடம் சிறிதும் இல்லை. நீரைத் தேக்கும் மெல்லிய உயிரணுத் திசுவான பாரென்கைமா நிறைந்த இதன் மரக்கட்டை, உயிரணுக்களுக்குள் நீர் தரும் அழுத்தத்தாலேயே பெருமளவு விறைத்து நிற்கிறது. இந்த நீரைக் குடித்தே மரம் கோடை முழுவதையும் கடத்துகிறது என்னும் பரவலான நம்பிக்கை பாதியே உண்மையாகும். ஏனெனில் வறண்ட மாதங்களில் இலைகளை உதிர்த்துச் செலவைக் குறைத்துக்கொள்ளும் மரம், மழைக்குச் சற்று முன்னரே புதுத்தளிர் விடுவதற்குத்தான் அச்சேமிப்பை முதன்மையாகப் பயன்படுத்துகிறது என்பதை மடகாசுகரில் நடந்த ஆய்வுகள் காட்டியுள்ளன.

பள்ளிமுனை மரத்துக்கு 700 ஆண்டு அகவை என்பது ஊர்வழக்கு. பருமனை வைத்து மட்டும் அதை உறுதிசெய்ய இயலாது. ஆண்டு வளையங்கள் தெளிவற்றவை, உட்பகுதி பெரும்பாலும் பொந்தாகிவிடுகிறது, பல தண்டுகள் ஒன்றோடொன்று இணைந்து ஒரே அடிமரம்போல் ஆவதும் உண்டு. ஆகவே கதிரியக்கக் கரிமக் காலக்கணிப்பே நம்பத்தக்க வழியாகும். அம்முறையில் கணிக்கப்பட்ட ஆப்பிரிக்க மரங்கள் சில 2,000 ஆண்டுகளைக் கடந்தவை.

அந்திவேளையில் விரிந்து தலைகீழாகத் தொங்கும் வெண்மலர்களை நாடிப் பழந்தின்னி வௌவால்கள் வந்து மகரந்தத்தைச் சேர்க்கின்றன. புளிப்பான சதைக்குள் புதைந்திருக்கும் விதையின் ஓடு மிகக் கடினமானது. ஆப்பிரிக்காவில் யானையும் பபூன் குரங்கும் கனியைத் தின்று விதையைப் பரப்புகின்றன. சூடானின் கொர்தொபான் பகுதியில் அடிமரத்தைக் குடைந்து மழைநீர்த் தொட்டியாக்கினர். செனகலில் கிரியோ எனப்படும் பாணர்களைப் பொந்துகளில் அடக்கம் செய்தனர்.

மன்னாருக்கு இதைக் கொணர்ந்தவர் அரபு வணிகர் என்பது மரபுச் செய்தி (அத்தீவின் கழுதைகளையும் அவர்கள் கணக்கிலேயே எழுதுவது வழக்கம்). ஆனால் இந்திய மரங்களின் மரபணுக்களை ஆராய்ந்து 2015இல் வெளியான ஆய்வு, அவை ஆப்பிரிக்காவின் ஒரே கரையிலிருந்து ஒரே முறை வந்தவையல்ல, கிழக்குக் கடற்கரையிலிருந்தும் மேற்குப் பகுதியிலிருந்தும் வெவ்வேறு காலங்களில் வந்தவை எனக் காட்டியது. ஆதலால் போர்ச்சுகீசியர் முதலிய பிற்காலக் கடலோடிகளையும் அவ்வரலாற்றில் சேர்க்க வேண்டியுள்ளது.