வானத்து வெண்படலங்கள்

கார்த்திகை மாதத்து நிலவற்ற முன்னிரவில், ஊர் விளக்குகளின் ஒளி எட்டாத வெளியில் நின்று, வடதிசை வானில் ஆண்ட்ரமீடா என்னும் நட்சத்திரக் கூட்டத்தை உற்று நோக்குவோர்க்கு, நட்சத்திரத்தைப் போல மின்னாமலும் மேகத்தைப் போல நகர்ந்து மறையாமலும் நிலைபெற்ற ஒரு சிறு வெண்படலம் கண்ணுக்குப் புலனாகும். பாரசீகத்து வானசாஸ்திரியாகிய அல்-சூஃபி, கி.பி. 964ஆம் ஆண்டளவிலேயே இதனை ஒரு சிறிய மேகமென்று தம் நூலில் குறித்து வைத்தார். தொலைநோக்கி வந்த பிறகு இத்தகைய படலங்கள் ஒன்றன்பின் ஒன்றாகத் தென்படலாயின. அவற்றுக்கெல்லாம் நெபுலா என்று ஒரே பெயரையும் இட்டார்கள். தோற்றத்தில் ஒன்றாயிருந்த அவை தன்மையில் ஒன்றல்ல என்பதும், அவற்றைப் பிரித்தறியக் கண்ணின் கூர்மை மட்டும் போதாது என்பதும் தெளிவாவதற்கு நெடுங்காலம் பிடித்தது.

இப்படலங்களுக்குப் புகழ்பெற்ற அட்டவணையை வகுத்தவர், அவற்றின்மீது பிரியம் கொண்டு அதைச் செய்தவர் அல்லர். பாரிஸ் நகரில் வாழ்ந்த சார்லஸ் மெஸ்ஸியர், வால்நட்சத்திரங்களைத் தேடிக் கண்டுபிடிப்பதையே விரதமாகக் கொண்டவர். 1758ஆம் ஆண்டில் ஒரு வால்நட்சத்திரத்தைப் பின்தொடர்ந்து வருகையில், ரிஷப ராசியில் அதைப் போன்றே மங்கலான வேறொன்றைக் கண்டார். வால்நட்சத்திரமாயின் நாளுக்கு நாள் இடம் பெயர வேண்டும்; இதுவோ அசையவே இல்லை. இவ்வாறு மயக்கம் தரும் பொருள்களை முன்கூட்டியே அறிந்து ஒதுக்குவதற்காக அவர் தயாரித்த பட்டியல், 1774இல் 45 பொருள்களோடு வெளிவந்து, 1781இல் 103 ஆக வளர்ந்தது. பிற்காலத்தவர் சேர்த்தவற்றோடு இன்று அது 110. அதன் முதல் எண், கி.பி. 1054இல் சீனர்கள் கண்டெழுதிய ஒரு நட்சத்திர வெடிப்பின் எச்சம்; 13ஆம் எண், லட்சக்கணக்கான நட்சத்திரங்கள் திரண்ட கோளக்கொத்து; 31, ஆண்ட்ரமீடாப் படலம்; 42, ஓரியன் மண்டலத்து வாயுத்திரள்; 45, நம் கார்த்திகைக் கூட்டம். மெஸ்ஸியரோ 13ஆம் எண்ணை நட்சத்திரமே இல்லாத நெபுலா என்று எழுதி வைத்தார்.

அவருடைய கண்ணாடிக்குப் பிடிபடாதது வில்லியம் ஹெர்ஷலின் கண்ணாடிக்குப் பிடிபட்டது. ஹானோவரில் பிறந்து, இங்கிலாந்தின் பாத் நகரில் சங்கீத வித்துவானாக ஜீவனம் நடத்திய இவர், உலோகத்தை வார்த்துத் தேய்த்துத் தாமே தொலைநோக்கிகளைச் செய்துகொண்டு, தாம் கண்டு சொல்வதை எழுதிக்கொள்ளத் தங்கை கரோலின் அருகிருக்க, 1783 முதல் வானத்தைப் பட்டை பட்டையாகத் துருவி, சுமார் 2,500 நெபுலாக்களையும் கொத்துகளையும் மூன்று பட்டியல்களில் வெளியிட்டார். மெஸ்ஸியரின் படலங்கள் பல தம் கருவியில் தனித்தனி நட்சத்திரங்களாகப் பிரிந்து நின்றதைக் கண்டு, எல்லா நெபுலாக்களும் தூரத்து நட்சத்திரக் கூட்டங்களே என்று முதலில் அவர் கருதினார். ஆனால் 1790இல், நடுவே ஒரே ஒரு நட்சத்திரமும் அதைச் சுற்றி வட்டமான மெல்லொளியுமாக ஒரு பொருளைக் கண்டபோது, அவ்வொளியை நட்சத்திரத் திரளாகக் கொள்ள வழியில்லாமல், மெய்யாகவே ஒளிரும் ஒருவகைப் பாய்மம் ஆகாயத்தில் உண்டு என்று தம் கொள்கையை மாற்றிக்கொண்டார்.

இன்னும் பெரிய கருவி ஒன்று கிடைத்தால், நெபுலாக்கள் நட்சத்திரக் கூட்டங்களா அல்லவா என்ற வழக்கு தீர்ந்துவிடும் என்று அக்காலத்தார் நம்பினர். அயர்லாந்தின் பர் கோட்டையில் ரோஸ் பிரபு 1845இல் ஆறடி விட்டமுள்ள கண்ணாடியை நிறுவி, மெஸ்ஸியரின் 51ஆம் எண் சுருள் வடிவினது என்று கண்டுபிடித்தார். அதே கருவியில் ஓரியன் நெபுலாவும் நட்சத்திரங்களாகப் பிரிவதாக அவருக்குத் தோன்றிற்று. முன்னது மெய், பின்னது கண் செய்த மாயம்.

தீர்ப்பு வந்தது கண்ணாடியின் பருமனாலன்று, முப்பட்டகத்தினால். நட்சத்திர ஒளியை முப்பட்டகத்தின் வழியே செலுத்தினால் தொடர்ச்சியான வர்ணமாலையும் அதன் குறுக்கே கருங்கோடுகளும் தோன்றும்; வெப்பமுற்ற மெல்லிய வாயுவின் ஒளியோ தனித்தனிப் பிரகாசக் கோடுகளாகச் சிதறும். பட்டு வியாபாரத்தை விட்டு வானாராய்ச்சியில் இறங்கிய லண்டன்வாசி வில்லியம் ஹக்கின்ஸ், 1864ஆம் ஆண்டு ஆகஸ்டு 29ஆம் நாள் இரவு டிராகோ மண்டலத்து நெபுலா ஒன்றை இவ்வாறு ஆராய்ந்தபோது, வர்ணமாலைக்குப் பதிலாகச் சில பிரகாசக் கோடுகளே தெரிந்தன. அது வாயு என்பதில் ஐயமில்லாது போயிற்று. ஓரியனும் வாயுவென்றே தெரிந்தது. ஆண்ட்ரமீடாவோ தொடர்ச்சியான வர்ணமாலையைத் தந்து, எந்தக் கண்ணாடிக்கும் உடையாமல் நின்றது.

அது எவ்வளவு தூரம் என்று அறியாதவரை அப்புதிருக்கு விடையில்லை. அளவுகோலைத் தந்தவர் ஹார்வர்டு வானாராய்ச்சி நிலையத்தில் பணியாற்றிய ஹென்ரியெட்டா லீவிட் அம்மையார். செபீட் எனப்படும் நட்சத்திரங்கள் குறித்த காலத்துக்கொரு முறை பெருகிச் சுருங்கி, ஒளி கூடியும் குறைந்தும் வருவன. சிறிய மாகெல்லன் மேகத்திலிருந்த 25 செபீடுகளைப் புகைப்படத் தகடுகளில் அளந்து, ஒளி மிக்கவற்றுக்குச் சுழற்சிக் காலமும் நீண்டிருப்பதை 1912இல் அவர் நிறுவினார். எதிர்க்கரையிலுள்ள ஊரின் விளக்குகளெல்லாம் நமக்கு ஒரே தூரத்தில் இருப்பதால் கூடுதலாகத் தெரிவதே மெய்யாகவும் கூடுதல் ஒளியுடையது என்று கொள்வது போல, அம்மேகத்து நட்சத்திரங்களையும் தடையின்றி ஒப்பிட முடிந்தது.

1923ஆம் ஆண்டு அக்டோபரில், கலிபோர்னியாவின் மவுண்ட் வில்சன் மலையில் 100 அங்குலத் தொலைநோக்கியால் எட்வின் ஹபிள் ஆண்ட்ரமீடாவைப் புகைப்படம் எடுத்தார். திடீரெனப் பிரகாசித்த நோவா என்று தாம் குறித்திருந்த ஒரு புள்ளி, பழைய தகடுகளோடு ஒப்பிட்டபோது செபீட் என்று தெரியவரவே, முந்தைய குறியை அடித்துவிட்டு, மாறும் நட்சத்திரம் என்பதற்கான சுருக்கெழுத்தை ஆச்சரியக் குறியுடன் எழுதினார். அதன் சுழற்சிக் காலம் சுமார் 31 நாள். காலத்தைக் கொண்டு மெய்யான ஒளியையும், அதை நமக்குத் தெரியும் ஒளியோடு ஒப்பிட்டுத் தூரத்தையும் கணித்தபோது, சுமார் 9 லட்சம் ஒளியாண்டு என்று கிடைத்தது. நாம் இருக்கும் ஆகாசகங்கையின் எல்லைக்கு வெகு அப்பால், அதற்கு நிகரான மற்றொரு நட்சத்திர மண்டலமாக ஆண்ட்ரமீடா நின்றது.

ஆயினும் கதை அத்துடன் முடியவில்லை. வால்டர் பாடே என்பவர், செபீடுகளிலும் இரண்டு வகை உண்டென்றும், சுழற்சிக் காலம் ஒன்றாயிருந்தாலும் அவற்றின் ஒளி ஒன்றல்லவென்றும், இரண்டையும் ஒன்றாகக் கொண்டதால் ஹபிளின் தூரம் குறைந்துவிட்டதென்றும் 1952இல் ரோம் நகரில் கூடிய வானசாஸ்திரிகளுக்கு அறிவித்தார். ஒன்று போலத் தோன்றியவற்றை ஒன்றென்றே கொண்ட பழைய பிழை, இம்முறை அளவுகோலுக்குள்ளேயே புகுந்திருந்தது. அதைத் திருத்தியவுடன் ஆண்ட்ரமீடாவின் தூரமும், அதை ஆதாரமாக வைத்துக் கணித்த பிற மண்டலங்களின் தூரங்களும் இரு மடங்காயின. இன்றைய கணக்கில் ஆண்ட்ரமீடா சுமார் 25 லட்சம் ஒளியாண்டுத் தொலைவில் உள்ளது.