‘உண்மை மருந்து’ என்னும் மயக்கம்

தேசத்தை உலுக்கும் கொடுங்குற்றம் ஒன்று நிகழ்ந்து, போலீஸாருக்குத் துப்புக் கிடைக்காமற் போகுமாயின், சந்தேகத்துக்கு உள்ளானவரை ‘நார்கோ’ சோதனைக்கு உட்படுத்துக என்ற கூக்குரல் எழுவது வழக்கமாகிவிட்டது. மயக்க ஊசி போட்டுக் கேள்வி கேட்கும் இம்முறைக்குப் பத்திரிகைகள் ‘உண்மை கண்டறியும் சோதனை’ என்று நாமகரணம் செய்திருக்கின்றன. பெயரே பாதி வழக்கைத் தீர்த்துவிடுகிறது. உண்மையைக் கண்டறியும் சோதனைக்கு ஒருவன் இணங்க மறுத்தால் அவன் பொய்யனாகத்தானே இருத்தல் வேண்டும் என்று கற்றவர்களும் எண்ணத் தலைப்படுகிறார்கள். இப்பெயர் இதற்குத் தகுமா என்பதே நமது கேள்வி. அந்த மருந்து மூளையில் என்ன செய்கிறது என்பதை அறிந்தாலன்றி இதற்கு விடை கூற இயலாது.

இச்சோதனையில் பெரிதும் பயன்படுத்தப்பட்டு வந்தது ஸோடியம் பென்டதால். அது பார்பிட்யுரேட் என்னும் மருந்துக் குடும்பத்தைச் சேர்ந்தது. அக்குடும்பத்தின் மூலமாகிய பார்பிட்யூரிக் அமிலத்தை ஜெர்மானிய ரஸாயன சாஸ்திரி அடால்ப் பான் பேயர் 1864-ல் ஆக்கினார். அதற்குத் தூங்கச் செய்யும் குணம் இல்லை. 1903-ல் எமில் பிஷரும் ஜோஸப் பான் மேரிங்கும் அதனின்று செய்த ‘வெரோனால்’ தூக்க மருந்தாகப் பரவியது. 1912-ல் வந்த ‘லூமினால்’, அதாவது பீனோபார்பிட்டால், காக்காய் வலிப்பைத் தடுப்பதாக அவ்வாண்டிலேயே கண்டறியப்பட்டது. 1934-ல் அமெரிக்க வைத்தியர்கள் சஸ்திர சிகிச்சைக்காகப் பென்டதாலை மனிதருக்கு முதன்முதலாகச் செலுத்தினர். தூக்கமின்மை, வலிப்பு, கத்தியின் வேதனை ஆகியவற்றுக்காகவே இவை தோன்றினவேயன்றி, நியாயஸ்தலத்துக்காக அல்ல என்பதை வாசகர்கள் கவனிக்க வேண்டும்.

மூளையிலுள்ள நரம்பணுக்கள் ஒன்றையொன்று தூண்டியும் அடக்கியும் வேலை செய்கின்றன. அடக்கும் வேலைக்கு மூளை தானே சுரக்கும் சரக்குக்குக் ‘காபா’ என்று பெயர். மாட்டுக்கு மூக்கணாங்கயிறு எப்படியோ, அப்படியே நரம்பணுவுக்குக் காபா. அது அணுவின் மேலுள்ள ஒரு நுண்ணிய வாயிலைத் திறக்கிறது. அவ்வழியே குளோரைடு அயனிகள் உட்புகுகின்றன. அணு எளிதில் கிளர்ச்சி கொள்ளாது அடங்குகிறது. பார்பிட்யுரேட் அந்த வாயிலில் வேறோரிடத்தில் ஒட்டிக்கொண்டு, திறந்த கதவு நெடுநேரம் திறந்தே இருக்கும்படி செய்கிறது. அளவு மிகுமாயின் காபாவின் உதவியின்றித் தானே கதவைத் திறந்துவிடுகிறது. அன்றியும், தூண்டும் சரக்காகிய குளுடமேட்டின் வேலையையும் தணிக்கிறது.

1960-க்குப் பின் பரவிய பென்ஸோடையஸிபீன் என்னும் தூக்க மாத்திரைகள் காபா இருந்தாலன்றி வேலை செய்யா. ஆதலின் அவற்றின் அடக்கத்துக்கு ஓர் எல்லை உண்டு. பார்பிட்யுரேட்டுக்கு அவ்வெல்லை இல்லை. சிறிதளவில் மனம் தளர்கிறது. சற்று மிகுந்தால் தூக்கம். மேலும் மிகுந்தால் உணர்வற்ற மயக்கம். அதற்கும் மேற்பட்டால் மூளையின் அடித்தண்டு ஓய்ந்து சுவாசம் நின்றுபோகிறது. இந்த விஷத்துக்கு நேரான மாற்று மருந்து கிடையாது. ஹாலிவுட் நடிகைகளான மரிலின் மன்ரோ 1962-லும் ஜூடி கார்லண்ட் 1969-லும் மாண்டது இவற்றின் மிகுதியினாலேயே. நாம் மருந்தைப் பழிக்க வரவில்லை. மைசூருக்கு அப்பாலுள்ள யெலந்தூர்ப் பகுதிக் கிராமங்களில் மலிவான பீனோபார்பிட்டாலைக் கொண்டு எத்தனையோ ஏழைகளின் வலிப்பு அடக்கப்பட்டது. அந்த ஆராய்ச்சி 2001-ல் வெளியாயிற்று. நோயாளியின் கையில் அது ஔஷதம். போலீஸ் காவலில் அது என்ன ஆகிறது?

சோதனையில் ஊசி மருந்தைச் சிறிது சிறிதாக ஏற்றி, முழுத் தூக்கத்துக்கும் முழு விழிப்புக்கும் நடுவிலுள்ள அரைமயக்கத்தில் ஆளை நிறுத்துகிறார்கள். மருந்துக்கு முதலில் ஆட்படுபவை எதைச் சொல்லலாம், எதைச் சொல்லலாகாது என்று சீர்தூக்கும் மூளையின் மேற்பகுதிகள். ஆகவே நாவின் கட்டு அவிழ்கிறது, ஆள் பேசுகிறான். பேசுகிறான் என்பதால் உண்மை பேசுகிறான் என்று ஆகுமா? பொய் சொல்வதற்கென்று மூளையில் தனி அறை ஒன்றுமில்லை, மருந்து சென்று அதைப் பூட்டுவதற்கு. சொல்வதை நிறுத்துப் பார்க்கும் அறிவு எது மங்குகிறதோ, அதுவே நினைவையும் கற்பனையையும் பிரித்தறியும் அறிவு. நடந்ததும், நடந்ததாகக் கேட்டதும், நடக்குமோ என்று அஞ்சியதும், கேட்பவர் கேள்வியிலேயே பொதிந்து கொடுத்ததும் ஒன்றாய்க் கலந்து வெளிப்படுகின்றன. தெளிந்தபின் தான் சொன்னதில் பெரும்பகுதி அவனுக்கே நினைவிராது. கள்ளுண்டவன் உளறுவதெல்லாம் சத்தியம் என்று எந்த நீதிபதியும் ஏற்பதில்லை. வைத்தியர் ஊசியால் உண்டாக்கிய உளறலுக்கு மட்டும் என்ன விசேஷம்?

இஃது ஊகமன்று. அமெரிக்காவில் யேல் சர்வகலாசாலையைச் சேர்ந்தவர்கள் இதனைப் பரீட்சித்து 1951-ல் முடிவை வெளியிட்டார்கள். தாமாக முன்வந்த சிலர் தமது வாழ்வில் வெட்கப்படத்தக்க சம்பவமொன்றைக் கூறி, அதை மறைக்கப் பொய்க் கதை ஒன்றும் கட்டிக்கொண்டனர். அவர்களுக்கு அமிட்டால் என்னும் பார்பிட்யுரேட்டைச் செலுத்தி வேறொருவர் விசாரித்தார். மனவுறுதியுள்ளவர்கள் அந்த மயக்கத்திலும் பொய்க் கதையை விடவில்லை. குற்றவுணர்ச்சியால் தம்மைத் தாமே வருத்திக்கொள்ளும் இயல்பினரே எளிதில் வாய் திறந்தனர். அத்தகையோர் நடவாததையும் நடந்ததாக ஒப்புக்கொள்ளக் கூடும் என்றும் ஆராய்ந்தோர் எச்சரித்தனர். ஆக, கைதேர்ந்த கயவன் தப்புவான். மனம் நொந்த நிரபராதி அகப்படுவான். இதையா நாம் நியாயத்தின் துணை என்று கொண்டாடுவது?

நமது மாகாணம் இவ்விஷயத்தில் மறக்கலாகாத பாடம் ஒன்று உண்டு. மதராஸ் ராஜதானியில் கிட்டி போட்டும் அண்ணாந்தாள் கட்டியும் ஜனங்களைச் சித்திரவதை செய்தது பற்றி 1855-ல் ஒரு கமிஷன் விசாரித்து அறிக்கை வெளியிட்டது. அந்நிய சர்க்கார் இயற்றிய 1872-ஆம் வருஷத்துச் சாட்சியச் சட்டமே, போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த வாக்குமூலத்தைக் கொடுத்தவனுக்கு விரோதமாக ருஜுப்படுத்தலாகாது என்று விதித்தது. 2024 ஜூலை முதல் அமலிலுள்ள புதிய சாட்சியச் சட்டமும் அவ்விதியைக் கைவிடவில்லை. சுதந்திர பாரதத்தின் அரசியல் சட்டமோ, தனக்கு எதிராகத் தானே சாட்சியாகும்படி எவரையும் நிர்ப்பந்திக்கலாகாது என்று 20-ஆவது ஷரத்தில் கூறுகிறது. அந்த உரிமை கோர்ட்டில் மட்டுமன்று, போலீஸ் விசாரணையிலும் உண்டு என்று நந்தினி சத்பதி வழக்கில் 1978-ல் ஸுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது.

இவ்வளவுக்குப் பின்னரும் பெங்களூரிலும் பிறவிடங்களிலும் சம்மதமின்றியே ஊசி போடப்பட்டு வந்தது. செல்வி எதிர் கர்நாடக அரசு என்ற வழக்கில் 2010 மே 5-ஆம் தேதி ஸுப்ரீம் கோர்ட்டு அதற்கு முற்றுப்புள்ளி வைத்தது. கட்டாயச் சோதனை அரசியல் சட்டத்துக்கு முரண். ஒருவர் மனமொப்பி உட்பட்டாலும், தமது பேச்சு தம் வசமில்லாத நிலையில் கூறியதாதலின் அதன் முடிவு நேரான சாட்சியமாகாது. அதன் வழியே பின்னர் கிடைக்கும் பொருளையோ தகவலையோ மட்டும் ஏற்கலாம். சம்மதம் மாஜிஸ்திரேட் முன்னிலையில் பதிவாதல் வேண்டும் என்பன அத்தீர்ப்பின் சாரம். ஆயினும் 2025 ஜூனில் அதே கோர்ட்டு, இத்தகைய சோதனைக்கு இடங்கொடுத்த பாட்னா ஹைக்கோர்ட்டு உத்தரவொன்றை ரத்து செய்து, பழைய தீர்ப்பை நினைவூட்ட நேர்ந்தது. பதினைந்தாண்டு கழிந்தும் இம்மோகம் தீரவில்லை.

“குற்றமற்றவன் ஏன் அஞ்ச வேண்டும்?” என்று சிலர் கேட்கலாம். குற்றமற்றவனே அஞ்ச வேண்டும் என்பதே மேலே கண்ட பரீட்சையின் பாடம். “கொலையுண்டவர் குடும்பத்துக்கு நியாயம் வேண்டாமா?” என்று மற்றுஞ் சிலர் கேட்கலாம். வேண்டும். அது தடயங்களைப் பொறுமையோடு சேர்ப்பதாலும், சாட்சிகளைக் காப்பதாலும், நேர்மையான விசாரணையாலும் கிடைப்பது. ஊசியை நம்பும் போலீஸார் அந்த உழைப்பை மறப்பார்கள். மெய்க் குற்றவாளி வெளியே உலாவுவான். சம்மதம் என்ற சொல்லையும் நாம் எளிதில் நம்பிவிடலாகாது. பூட்டிய அறையில், வக்கீலின் துணையின்றி, மறுத்தால் குற்றவாளி என்று ஊர் தூற்றும் என்ற அச்சத்தில் கொடுக்கும் கையெழுத்து சம்மதமாகாது.

பொதுவாழ்வில் ஈடுபட்டோருக்கு இது பிறர் விஷயமன்று. சர்க்காருக்கு வேண்டாதவர்களாய்க் காவலில் இருப்பதற்கு அவர்களே முதலில் தகுதி பெற்றவர்கள். அடுத்த முறை ‘நார்கோ’ வேண்டும் என்ற கூக்குரல் எழும்போது, அதனோடு குரல் சேர்க்குமுன் அவர்கள் ஒன்றைச் சிந்திப்பார்களாக: கிட்டி விரலை நசுக்கி வாக்குமூலம் வாங்கிற்று, ஊசி அறிவை நசுக்கி வாங்குகிறது. முன்னதை நம் முன்னோர் எதிர்த்தனர். பின்னதை எதிர்ப்பது நமது கடமை.