எல்லாம் என்கிரிப்ட் செய்த பிறகும் தகவல் கசிவது எப்படி? கிளவுட் சாவியும் பெர்மிஷனும்: ஒரு விளக்கம்

திண்டுக்கல் பூட்டுக்கு 2019 ஆகஸ்டில் புவிசார் குறியீடு கிடைத்தது. கையால் ராவிச் செய்யும் லீவர் பூட்டு. ஒன்றின் சாவி இன்னொன்றுக்குச் சேராது என்பதுதான் அதன் பெருமை. ஆனால் சாவியை வாசல் ஆணியிலேயே மாட்டி வைத்தால் திருடனுக்குப் பூட்டை உடைக்கும் வேலையே இல்லை.

நூற்பாலையின் சம்பளப் பட்டியல், ஆஸ்பத்திரி ரிப்போர்ட், நகைக்கடை சீட்டுக் கணக்கு எல்லாமே கிளவுடுக்குப் போகிற காலம் இது. "எல்லாத்தையும் என்கிரிப்ட் பண்ணியிருக்கோம் சார், கவலைப்படாதீங்க" என்பார் சாஃப்ட்வேர் விற்பவர். அது உண்மையாகவும் இருக்கலாம். அடுத்த கேள்விதான் முக்கியம்: அந்தச் சாவியைப் பயன்படுத்த யாருக்கெல்லாம் அனுமதி கொடுத்திருக்கிறார்கள்?

கிளவுடில் சாவி எங்கே இருக்கிறது?

அமேசான், கூகுள், மைக்ரோசாஃப்ட் மூன்றிலும் சாவிகளை நிர்வகிக்கத் தனிச் சேவை உண்டு. அமேசானில் அதன் பெயர் கேஎம்எஸ். அங்கே நம் தகவலைப் பூட்டுவது ஒரு சின்னச் சாவி. அந்தச் சின்னச் சாவியையும் இன்னொரு பெரிய சாவியால் பூட்டி, தகவலோடு சேர்த்தே வைத்துவிடுவார்கள். பெரிய சாவி மட்டும் தனிப் பாதுகாப்புக் கருவிக்குள் இருக்கும். அதை யாரும் கையில் வாங்க முடியாது. வாடிக்கையாளரின் சர்வர் "இதைத் திறந்து கொடு" என்று கேட்கும். அனுமதி இருந்தால் உள்ளேயே திறந்து, சின்னச் சாவியை மட்டும் கொடுப்பார்கள்.

அதனால் இங்கே சாவியைத் திருட வேண்டிய அவசியமே இல்லை. கேட்கிற உரிமை கிடைத்தால் போதும்.

அனுமதி எப்படிக் கொடுப்பது?

அமேசான் கேஎம்எஸ்ஸில் ஒவ்வொரு சாவிக்கும் ஒரு கொள்கைப் பத்திரம் உண்டு. 'கீ பாலிசி' என்பார்கள். யார், என்ன செய்யலாம் என்பது அதில் இருக்கும். அதில் இடம் கொடுக்காவிட்டால், அக்கவுண்டின் முதலாளியே வந்தாலும் சாவி வேலை செய்யாது. பாலிசியை ஏனோதானோ என்று எழுதி, சொந்தச் சாவியையே தொட முடியாமல் வெளியே நிற்பதும் நடக்கக்கூடிய விஷயம்தான்.

அனுமதியைத் துண்டு துண்டாகப் பிரிக்க முடியும் என்பதுதான் இதில் உள்ள பெரிய வசதி. சாவியை நிர்வகிப்பவருக்கு அதை வைத்துத் தகவலைத் திறக்கிற உரிமை தேவையில்லை. பூட்டுவதற்கு மட்டும் ஒருவருக்கு அனுமதி தரலாம், திறப்பதற்கு இன்னொருவருக்கு. கோயில் உண்டியல் மாதிரி: யார் வேண்டுமானாலும் காசு போடலாம், எடுக்க முடியாது. ஒரு வேலைக்காகக் கொஞ்ச நாள் மட்டும் அனுமதி வேண்டுமென்றால் 'கிராண்ட்' என்று ஒரு வழி இருக்கிறது. வேலை முடிந்ததும் திரும்ப வாங்கிக்கொள்ளலாம்.

தப்பு எங்கே நடக்கிறது?

பெரும்பாலும் அவசரத்தில். புது சர்வருக்கு ஃபைலைப் படிக்க அனுமதி கொடுத்திருப்பார்கள், சாவியைப் பயன்படுத்தக் கொடுக்க மறந்திருப்பார்கள். ஃபைல் இருக்கும், ஆனால் திறக்காது. 'ஆக்சஸ் டினைட்' என்று வரும். மறுநாள் காலையில் சம்பளம் போட்டாக வேண்டும். எது குறைகிறது என்று தேட நேரமில்லாமல், எந்தச் சாவி, என்ன உரிமை என்ற இடங்களில் * குறியைப் போட்டுவிடுவார்கள். 'எல்லாம்' என்று அர்த்தம். உடனே எல்லாம் ஓட ஆரம்பிக்கும். அப்புறம் அந்த நட்சத்திரத்தை எடுக்க யாருக்கும் ஞாபகம் வராது. ஓடுகிற வண்டியை நிறுத்திப் பார்ப்பவர் எத்தனை பேர்?

அளவுக்கு மீறிய அனுமதி எங்கே கொண்டுபோய் விடும் என்பதற்கு அமெரிக்காவின் கேப்பிட்டல் ஒன் வங்கி ஓர் உதாரணம். 2019-ல் தவறாக அமைக்கப்பட்ட ஒரு ஃபயர்வால் வழியாக, அமேசான் கிளவுடில் இருந்த அந்த வங்கியின் தகவல்களுக்குள் ஒருவர் நுழைந்தார். அமெரிக்காவில் சுமார் 10 கோடி பேர், கனடாவில் சுமார் 60 லட்சம் பேரின் விவரங்கள் வெளியே போயின. தகவல்கள் என்கிரிப்ட் செய்யப்பட்டுத்தான் இருந்தன. ஆனால் அவர் கைக்கு வந்த சர்வர் அடையாளத்துக்கு ஃபைல்களை எடுக்கவும் அனுமதி இருந்தது. அந்த வழியிலேயே தகவல் திறந்தும் கிடைத்தது. பூட்டை யாரும் உடைக்கவில்லை.

இதில் பலரும் கவனிக்காத ஒரு விஷயம் உண்டு. சமூகப் பாதுகாப்பு எண்களில் பெரும்பாலானவற்றை அந்த வங்கி வேறு முறையில், வேறு சாவிகளால் காத்து வைத்திருந்தது. அவை தப்பித்தன. ஆனாலும் 2020-ல் வங்கிக்கு 8 கோடி டாலர் அபராதம் விதிக்கப்பட்டது.

இந்தியாவில் சட்டம் என்ன சொல்கிறது?

2023-ன் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டப்படி, போதுமான பாதுகாப்பு ஏற்பாடு செய்யாமல் தகவல் கசிந்தால் 250 கோடி ரூபாய் வரை அபராதம் விதிக்கலாம். 2025 நவம்பரில் வெளியான விதிகள் என்கிரிப்ஷனை மட்டும் சொல்லி நிறுத்தவில்லை. யார் அணுகலாம் என்ற கட்டுப்பாடும் வேண்டும், யார் அணுகினார்கள் என்ற பதிவேடும் வேண்டும் என்கின்றன. அந்தப் பதிவேட்டை ஓராண்டு வைத்திருக்க வேண்டும். நிறுவனங்கள் தயாராக 18 மாத அவகாசம் தரப்பட்டிருக்கிறது. சாஃப்ட்வேரை வெளியே வாங்கியிருந்தாலும், வாடிக்கையாளர் தகவலுக்கு முதல் பொறுப்பு கடைக்காரருக்குத்தான்.

கிளவுட் புரியாத முதலாளியும் கேட்கக்கூடிய கேள்விகள் இருக்கின்றன. சாவியைத் திறக்கும் உரிமை எத்தனை பேருக்கு? வேலையை விட்டுப் போனவரின் பெயர் இன்னும் அதில் இருக்கிறதா? கடந்த மாதம் யார் யார் பயன்படுத்தினார்கள்? கடைசிக் கேள்விக்கு "பார்த்துச் சொல்றேன் சார்" என்று பதில் வந்தால், அந்தப் பதிவேட்டை இதுவரை யாரும் திறந்து பார்க்கவில்லை என்று எடுத்துக்கொள்ளலாம்.

சாவியை அழிக்கிற உரிமை யாரிடம் என்பதையும் சேர்த்துக் கேட்பது நல்லது. அமேசானில் சாவியை அழிக்கச் சொன்னால் உடனே அழியாது. 7 முதல் 30 நாள் வரை காத்திருப்பு உண்டு. அதற்குள் ரத்து செய்துவிடலாம். அந்த நாள் தாண்டி சாவி போய்விட்டால், அதனால் பூட்டிய கணக்குகளை அமேசானாலும் திறந்து கொடுக்க முடியாது.