ஏரி இருந்தால்தான் பூங்கா

சென்னைக் கடற்கரை - தாம்பரம் புறநகர் ரயிலில் செல்பவர்கள், சேத்துப்பட்டு நிலையத்தை ஒட்டியுள்ள நீர்ப்பரப்பைப் பார்த்திருப்பார்கள். நெடுங்காலம் பராமரிப்பின்றிக் கிடந்த அந்த ஏரி தூர்வாரப்பட்டு, 2016-ஆம் ஆண்டு பசுமைப் பூங்காவாகத் திறக்கப்பட்டது. மீன்வளத் துறையின் பொறுப்பில் உள்ள ஏறத்தாழ 15 ஏக்கர் இடத்தில் நடைபாதை, படகு சவாரி, தூண்டில் போட்டு மீன்பிடிக்கும் வசதி, சிறுவர் விளையாட்டுத் திடல் ஆகியவை அமைக்கப்பட்டன.

இவ்வளவு சிறிய ஏரியைப் பொருட்படுத்துவானேன் என்று கேட்கலாம். நகரின் நடுவே இருந்த பிற ஏரிகள் என்னவாயின என்று பார்த்தால் விடை கிடைக்கும். மயிலாப்பூர், நுங்கம்பாக்கம், மாம்பலம் பகுதிகளைத் தொட்டபடி நீண்டு கிடந்த பேரேரியின் ஒரு பகுதியைத் தூர்த்துத்தான் 1920-களில் தியாகராய நகர் உருவாக்கப்பட்டது. 1976-இல் திறக்கப்பட்ட வள்ளுவர் கோட்டம் நிற்பதும் ஏரி இருந்த இடத்தில்தான். மேற்கு மாம்பலத்தில் இன்றும் 'லேக் வியூ' சாலை இருக்கிறது. பார்ப்பதற்குத்தான் ஏரி இல்லை.

எஞ்சிய ஏரிகளைப் பூங்காவாக்கும்போது கண்ணுக்குத் தெரியும் வசதிகளுக்கே பணம் ஒதுக்கப்படுகிறது. படகு, வண்ண விளக்கு, செயற்கை நீரூற்று ஆகியவற்றைத் திறந்து வைக்கலாம், படம் எடுக்கலாம். கழிவுநீர் கலக்காத வரத்துக் கால்வாய்க்கு யாரும் ரிப்பன் வெட்டுவதில்லை. ஆனால், மற்ற வசதிகள் அனைத்தும் அதை நம்பியே இருக்கின்றன.

கழிவுநீரில் உள்ள நைட்ரஜனும் பாஸ்பரஸும் பாசிக்கு உரம். பாசி பெருகிய நீரில் பகலில் பிராணவாயுவுக்குக் குறைவிராது. இரவில் ஒளிச்சேர்க்கை நின்றுவிடும், சுவாசம் நிற்காது. பாசியும் மீனும் நுண்ணுயிர்களும் ஒரே இருப்பைப் பங்கிட்டுக் கொள்வதால், விடியற்காலையில் பிராணவாயு மிகவும் குறைந்துவிடுகிறது. மேகமூட்டம் சில நாள்கள் நீடித்தால் நிலைமை இன்னும் மோசமாகும். ஏரிகளில் மீன்கள் ஒரே இரவில் செத்து மிதப்பதற்கு எப்போதும் நஞ்சுதான் காரணம் என்றில்லை. பல நேரங்களில் மூச்சுத்திணறலே காரணம். அதன்பின் எழும் துர்நாற்றத்தில் தூண்டில்காரர் மட்டுமல்ல, நடைப்பயிற்சிக்கு வருபவரும் திரும்பிப் போய்விடுவார்.

கரையும் அவ்வாறே. சரிவான மண்கரையில் கோரையும் சம்பும் வளரும். அவை நீரிலுள்ள சத்துகளை ஓரளவு உறிஞ்சும். கொக்குக்கும் நாரைக்கும் நின்று இரை தேட ஆழமற்ற விளிம்பு கிடைக்கும். செங்குத்தான கான்கிரீட் சுவரில் இவை எதற்கும் இடமில்லை. சுவர் கட்டினால் நடைபாதைக்குச் சில அடிகள் கூடுதலாகக் கிடைக்கும் என்பது உண்மையே. அந்தச் சில அடிகளுக்காகப் பறவைகளை இழக்க வேண்டுமா என்பதை வடிவமைப்பு வரையப்படும்போதே கேட்க வேண்டும்.

பெரும் செலவில்லாத ஒரு மாற்றத்தை உடனே செய்யலாம். ஏரிப் பூங்காக்களின் நுழைவுச்சீட்டு வழங்குமிடத்தில் கட்டண விவரப் பலகை இருக்கும். விடியற்காலையில் அளக்கப்பட்ட பிராணவாயு அளவையும் அதன் அருகிலேயே நாள்தோறும் எழுதி வைக்கலாம். ஒரு லிட்டர் நீரில் 5 மில்லிகிராமுக்கு மேல் இருந்தால் பெரும்பாலான மீன்களுக்குக் கவலையில்லை. 2-க்குக் கீழே இறங்கினால், அன்று படகை அவிழ்ப்பதற்கு முன்பு கால்வாயைப் போய்ப் பார்க்க வேண்டும்.