ஓலையில் மடியும் உடல்

சுவாமிமலை ஸ்தபதி மெழுகைத் தொடுவதற்கு முன் ஒரு தென்னங்கீற்றை எடுக்கிறார். ஈர்க்கை உருவிவிட்டு, செய்யப்போகும் சிலையின் உயரத்துக்குச் சரியாக நறுக்குகிறார். பிறகு மடிப்பு. இந்த அளவுகோலுக்கு ஒடியோலை என்று பெயர்.

காகித நாடா ஒன்றை வைத்து நீங்களும் செய்து பார்க்கலாம். நீளத்தை மூன்றாக மடியுங்கள்; அதை மறுபடி மூன்றாக. ஒன்பது மடிப்பு கிடைக்கும். இதுதான் நவதாளம். ஒரு மடிப்பு ஒரு தாளம், அதாவது முகத்தின் நீளம். தாளத்துக்கு 12 அங்குலம். ஆக மொத்தம் 108. இந்த அங்குலம் கடையில் விற்கும் ஸ்கேலில் இருப்பதல்ல, அந்தச் சிலையின் உடலிலிருந்தே பிறப்பது. சிலை அரையடியானால் அங்குலமும் சுருங்கிவிடும், ஆளுயரமானால் நீளும். விகிதம் மட்டும் அசையாது. எனக்கு இந்தக் கலையில் மிகவும் பிடித்த இடம் இதுதான்.

ஒரு மடிப்பை நான்காக்கினால் 3 அங்குலம். உச்சி, கழுத்து, முழங்கால், பாதத்தின் உயரம் நான்குக்கும் அதுவே அளவு. கழுத்திலிருந்து மார்பு, மார்பிலிருந்து தொப்புள், தொப்புளிலிருந்து அடிவயிற்றின் முடிவு எல்லாம் முகத்தளவு, 12. தொடை 24, கணைக்கால் 24. முகத்தின் 12ஐயும் சேர்த்துக் கூட்டிப் பாருங்கள், 108 வரும். உச்சியையும் முகத்தையும் சேர்த்தால் தலை 15 அங்குலம். உடல் ஏறக்குறைய ஏழு தலை உயரம். வளர்ந்த மனிதரின் உடலும் ஏழு, ஏழரைத் தலைதான். சிற்ப சாஸ்திரம் வகுத்தவர்கள் மனித உடலை ஊன்றிப் பார்த்திருக்கிறார்கள்.

எல்லாத் தெய்வத்துக்கும் ஒரே தாளம் கிடையாது. சிவனுக்கும் திருமாலுக்கும் பத்துத் தாளத்தில் உயர்ந்த வகையான உத்தம தசதாளம், 124 அங்குலம். பிள்ளையாருக்கோ ஐந்தே தாளம். முகமே உயரத்தில் ஐந்தில் ஒரு பங்கு! கைக்குழந்தைக்கும் உடலோடு ஒப்பிட்டால் தலை பெரிதாகத் தெரியும். பிள்ளையாரைப் பார்த்ததும் தூக்கிக் கொஞ்சத் தோன்றுவதில் இந்தக் கணக்குக்கும் பங்குண்டு என்று நினைக்கிறேன்.

இந்தத் தாள அளவுகளை ஆகமங்களிலிருந்து திரட்டி டி. ஏ. கோபிநாத ராவ் ஆங்கிலத்தில் எழுதிய நூல் 1920இல் வெளியானது. பட்டறையிலோ ஓலை மடிப்பைக் கண்ணால் பார்த்து, கையால் செய்துதான் பிள்ளைகள் கற்றுக்கொள்கிறார்கள்.

அளவு முடிந்தால் தேன்மெழுகும் குங்கிலியமும் கடலை எண்ணெயும் சேர்த்து உருக்கிய கலவையில் உருவம் எழும். அதன்மேல் காவிரி வண்டல் மண்ணைப் பூசிக் காயவைத்துச் சுடுவார்கள். மெழுகு உருகி ஓடிய வெற்றிடத்தில் உலோகம் இறங்கும். இடுப்பை ஒசித்து நிற்கும் பார்வதிக்குத் தொடை எவ்வளவு நீளம் என்பதை ஓலை சொல்லிவிடும். அந்த இடுப்பு எவ்வளவு ஒசிய வேண்டும் என்பதை மெழுகு இளகியிருக்கும்போதே ஸ்தபதியின் கட்டைவிரல் அழுத்திப் பார்த்துக்கொள்ளும்.