ஒலியே இசையான கூடம்

சுரமும் தாளமும் வகுத்த வரம்புகளைக் கடந்து, ஒலியையே மூலப்பொருளாகக் கொண்டு படைக்கப்படும் பரிசோதனை இசை மேலைநாட்டவருக்கே உரியது என்ற எண்ணம் பரவலாக இருப்பினும், அதன் வரலாற்றில் இந்தியாவுக்கும் உரிய பங்கு உண்டு என்பதை கீதா சாராபாயின் வாழ்வும் அகமதாபாத்தில் உருவான மின்னணு இசைக்கூடமும் நிறுவுகின்றன.

மிருதங்கம் போல் இருமுகம் கொண்ட பக்கவாஜைப் பயின்றவரும், நாட்டியக் கலைஞர் மிருணாளினி சாராபாயின் நாத்தனாருமான கீதா, 1946-இல் நியூயார்க்கில் ஜான் கேஜ் என்ற இசையமைப்பாளருக்கு இந்திய இசையைக் கற்பித்து, தனித்தனி இசைவரிகளை ஒருசேரப் பின்னும் கவுன்டர்பாயின்ட் முறையை அவரிடம் கற்றார். மனத்தை அமைதிப்படுத்தி இறையருளை ஏற்கத் தகுதியாக்குவதே இசையின் பயன் என்று கீதா எடுத்துரைத்த கருத்து கேஜின் சிந்தனையில் ஆழ வேரூன்றியது. கலைஞர் எதையும் வாசிக்காதிருக்க, சுற்றுப்புற ஒலிகளையே அவையோர் கேட்கும்படி அமைந்த '4'33"' என்னும் படைப்பை கேஜ் 1952-இல் உருவாக்கினார்.

அதனை முதன்முதலில் மேடையேற்றிய பியானோ கலைஞர் டேவிட் டியூடரே, 1969-இல் அகமதாபாத் வந்து, கீதாவின் உடன்பிறந்தோரான கௌதம், கிரா சாராபாய் ஆகியோர் வழிநடத்திய தேசிய வடிவமைப்பு நிறுவனத்தின் மின்னணு இசைக்கூடத்தில் மூக் சிந்தசைசரை நிறுவினார். மின்னழுத்தத்தை மாற்றி ஒலியின் உயரத்தையும் தன்மையையும் கட்டுப்படுத்தும் இக்கருவியில், ஒரு பகுதியின் மின்குறியை மற்றொன்றுக்குக் கம்பிவடங்களால் இணைத்துப் புதிய ஒலிகளை உருவாக்கி, நாடாவில் பதிவுசெய்ய முடிந்தது. ஐ.எஸ். மாத்தூர், அதுல் தேசாய், எஸ்.சி. சர்மா, ஜின்ராஜ் ஜோஷிபுரா ஆகியோருடன் கீதாவும் அங்கு இசை படைத்தார். மாத்தூரின் ஒரு படைப்பு தம்புராவின் பெயரைத் தலைப்பிலேயே தாங்கியிருப்பது, புதிய கருவியை அவர்கள் தம் மரபின் செவியோடு அணுகினர் என்பதைக் காட்டுகிறது.

சில ஆண்டுகளிலேயே செயல்பாடு ஓய்ந்த அக்கூடத்தின் நாடாக்கள் நெடுங்காலம் கவனிப்பாரற்றுக் கிடந்து, பால் பர்கஸ் என்ற கலைஞரின் முயற்சியால் மீட்கப்பட்டு, 2023-இல் இசைத்தொகுப்பாக வெளிவந்தன. காந்த நாடா காலப்போக்கில் சிதையக்கூடியது. ஆதலால் மயிலாப்பூர் சபாக்களும் கோடம்பாக்கத்து ஒலிப்பதிவுக் கூடங்களும் தம்மிடம் எஞ்சியுள்ள பழைய நாடாக்களை இப்போதே எண்ணிமப் பதிவுகளாக்கிப் பாதுகாக்க வேண்டும்.