சுவருக்கு எவ்வளவு பளபளப்பு?

1962 முதல் நிலக்கரியை எரித்து மின்சாரம் தரும் ஊர் நெய்வேலி. காலையில் துடைத்த ஜன்னல் விளிம்பை மாலையில் தடவினால் விரலில் தூசி ஒட்டும். ஓய்வுபெற்று, நிறுவனக் குவார்ட்டர்ஸைக் காலி செய்து, இந்திரா நகரிலோ வடக்குத்திலோ சொந்த வீடு கட்டுபவர்கள் நிற அட்டையைப் புரட்டுவதிலேயே அரை நாளைக் கழிக்கிறார்கள். மேட்டா, சாட்டினா, கிளாஸா என்பதைக் கடைக்காரரிடம் விட்டுவிடுகிறார்கள். தூசி ஊரில் முதலில் முடிவு செய்ய வேண்டியது அதைத்தான்.

பெயிண்டில் நிறமித் தூளும், அதைப் பிடித்துவைக்கும் பிசினும் இருக்கின்றன. தூள் மிகுந்தால் காய்ந்த பரப்பு கண்ணுக்குத் தெரியாத அளவில் சொரசொரப்பாகி, ஒளியைச் சிதறடிக்கும்; அது மேட். பிசின் மிகுந்தால் பரப்பு வழவழப்பாகி ஒளியைத் திருப்பி அனுப்பும்; அது கிளாஸ். இடைப்பட்டது சாட்டின்.

மேட், சுவரின் மேடுபள்ளத்தை மறைக்கும். ஆனால் சொரசொரப்பில் தூசி தங்கிவிடும், அழுத்தித் தேய்த்தால் அந்த இடம் மட்டும் திட்டாக மினுங்கும். கிளாஸில் அழுக்கு ஈரத்துணிக்கே வந்துவிடும். ஆனால் அது பட்டி பார்த்ததில் உள்ள சின்னக் குறையையும் ஊருக்கே காட்டிக்கொடுக்கும்.

எனவே கூரையின் உட்புறத்துக்கு மேட் போதும். அங்கே யார் கையும் படாது. கூடம், குழந்தைகள் நடமாடும் வராந்தா, ஸ்விட்ச் போர்டைச் சுற்றிய சுவர் ஆகியவற்றுக்குச் சாட்டின். தாளிப்பு தெறிக்கும் சமையலறைச் சுவருக்கு அதைவிடச் சற்றுக் கூடுதல் பளபளப்பு நல்லது. கதவு, ஜன்னல், கிரில்லுக்கு கிளாஸ் எனாமல். பழைய சுவர் அலையலையாக இருந்தால் ஒரு படி பளபளப்பைக் குறைத்துக்கொள்ளுங்கள்.

சுவர் எவ்வளவு சமமாக இருக்கிறது என்று பார்க்க, இருட்டிய பிறகு செல்போன் டார்ச்சைச் சுவரோடு ஒட்டிப் பிடித்து, ஒளியைப் பக்கவாட்டில் ஓடவிடுங்கள். மேடுபள்ளங்கள் நிழலாக எழுந்து நிற்கும். அவற்றைப் பட்டி வைத்து, உப்புத்தாள் போட்டுச் சரிசெய்ய பெயின்டரிடம் சொல்லிவிட்டு, அதன் பிறகு பளபளப்பை முடிவு செய்யுங்கள். சுவரின் புதுச் சிமெண்ட் பூச்சு நன்றாகக் காயாமல் எண்ணெய் எனாமலை அடித்தால், சிமெண்டின் காரம் அதை அரித்து உரித்துவிடும்.

ஒரே நிறம் மேட்டில் வெளிறியும் கிளாஸில் அடர்ந்தும் தெரியும். அதனால் நிற அட்டையை நம்பி டின்னை வாங்காதீர்கள். சின்ன டப்பா வாங்கி, சுவரில் ஒரு முழ அகலத்துக்கு இரண்டு கோட் அடித்துப் பாருங்கள். நன்றாகக் காய்ந்ததும் ஈரத்துணியால் துடைத்துப் பாருங்கள். துடைப்பைத் தாங்கும் சுவர்தான் நெய்வேலிக்கு ஏற்ற சுவர்.